ஐந்து பேர் இருந்தார்கள்

2024 டிசம்பரில் ஜாகிர் உசேன் இறந்தபோது நான் படித்த அஞ்சலிக் குறிப்புகளில் எல்லாம் ‘சக்தி’ குழுவைப் பற்றி ஒரு வரி இருந்தது. ஜான் மெக்லாக்லின் கிதார், எல். சங்கர் வயலின், ஜாகிர் தபலா, விக்கு விநாயக்ராம் கடம். ஆக நான்கு பேர் சேர்ந்து ஆரம்பித்த குழு என்று. தமிழில் எழுதியவர்களும் அதே வரியை அப்படியே இறக்கி வைத்திருந்தார்கள். சக்தியின் முதல் இசைத்தட்டைக் கொலம்பியா நிறுவனம் 1976இல் வெளியிட்டது. அதில் வாசித்தவர்கள் ஐந்து பேர். ஐந்தாவது பெயர் ஆர். ராகவன், மிருதங்கம். ராம்நாட் ராகவன் என்றால் கச்சேரி கேட்கிற பழைய ஆட்களுக்குத் தெரியும். பாடகர் ராம்நாட் கிருஷ்ணனின் சகோதரர்.

ஒரு பெயர் விட்டுப்போனதற்கா இவ்வளவு பெரிய கட்டுரை? ஆமாம், அதற்குத்தான். நான் மென்பொருள் எழுதிப் பிழைக்கிறவன். ஒரு கோப்பில் எந்த வரியை யார் எழுதினார்கள் என்று பத்து வருடம் கழித்தும் ஒரே கட்டளையில் எடுத்துவிடலாம். (அந்தக் கட்டளைக்கு ‘பழி’ என்று பொருள்படும் பெயரை வைத்திருக்கிறார்கள், அது வேறு கதை.) தட்டின் உறையிலேயே அச்சாகியிருக்கும் ஒரு பெயர் ஐம்பது வருடத்தில் எப்படிக் கரைந்தது என்று துருவிப் பார்த்தால் பலதும் சேர்ந்து வெளியே வருகிறது. அந்தத் தட்டு எங்கே உருவானது, யார் அதை எப்படிக் கேட்டார்கள், ராக் ரசிகனுக்கும் சபா ரசிகனுக்கும் காது எந்த இடத்தில் ஒன்றுபோல மந்தம் என்பதெல்லாம். என் கட்சியை இப்போதே சொல்லிவிடுகிறேன். சக்தியின் முதல் தட்டு ஒரு தாளவாத்தியத் தட்டு. அதை ஒரு கிதார்காரரின் ஆன்மிகப் பயணமாகக் கேட்டுக் கேட்டே நாம் அதைத் தொலைத்தோம்.

‘சூப்பர்குரூப்’ என்ற சொல் 1960களின் பின்பாதியில் ராக் உலகில் புழக்கத்துக்கு வந்தது. வேறு குழுக்களில் ஏற்கெனவே பேர் வாங்கியவர்கள் சேர்ந்து தொடங்கும் குழு. நம்மூர் சினிமா பாஷையில் மல்டி ஸ்டாரர். எரிக் கிளாப்டன், ஜாக் புரூஸ், ஜிஞ்சர் பேக்கர் சேர்ந்த ‘கிரீம்’ 1966 டிசம்பரில் தன் முதல் தட்டை வெளியிட்டது. 1969இல் வந்த ‘பிளைண்ட் ஃபெயித்’ ஒரே தட்டோடு கலைந்தது. மெக்லாக்லின் அந்த வட்டத்து ஆள்தான். 1963இல் லண்டனில் கிரஹாம் பாண்ட் குழுவில் புரூசோடும் பேக்கரோடும் வாசித்தவர். பிறகு அமெரிக்கா போனார், மைல்ஸ் டேவிஸின் தட்டுகளில் வாசித்தார், 1971இல் மகாவிஷ்ணு ஆர்கெஸ்ட்ராவைத் தொடங்கினார். மின்கிதாரும் பில்லி கோபமின் டிரம்ஸும் சேர்ந்து அரங்கத்தைக் கிழித்த காலம்.

சக்தியில் ராக் அகராதிப்படி ஒரே ஒரு ஸ்டார்தான். நம் அகராதியைத் திறந்து பாருங்கள். எம்.எஸ். சுப்புலட்சுமி 1966 அக்டோபரில் ஐ.நா. சபையில் பாடியபோது பக்கத்தில் கடம் வாசித்தவர் விக்கு விநாயக்ராம். கிரீமின் முதல் தட்டு கடைக்கு வருவதற்கு இரண்டு மாதம் முன்பே நியூயார்க் மேடையைப் பார்த்துவிட்டு வந்த மனுஷன். ஜாகிர், அல்லா ரக்காவின் மகன். எல். சங்கர், வி. லட்சுமிநாராயணாவின் மகன், அண்ணன்கள் எல். வைத்தியநாதன், எல். சுப்ரமணியம். ‘ஏழாவது மனிதன்’ படத்துக்கு இசையமைத்தாரே, அதே வைத்தியநாதன். ராகவனின் குடும்பத்தைச் சொல்லிவிட்டேன். இவர்களோடு உட்கார்ந்து வாசிக்க மெக்லாக்லின்தான் வருடக்கணக்கில் தயார் செய்துகொள்ள வேண்டியிருந்தது. உறையில் என்ன போட்டார்கள்? ‘சக்தி, ஜான் மெக்லாக்லினுடன்’. ‘உடன்’ என்று அடக்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் தனிப்பெயராக உறையில் இருப்பது ஒன்றுதான், கடைக்காரர் எந்த அடுக்கில் வைப்பார் என்பதையும் அதுதான் தீர்மானிக்கும்.

இந்தத் தட்டு உருவான கதையை வழக்கமாக இப்படிச் சொல்வார்கள். மெக்லாக்லின் ஸ்ரீ சின்மோயின் சீடர், மகாவிஷ்ணு என்ற பெயரே குரு வைத்தது, கிழக்கின் ஞானத்தைத் தேடினார், மின்சாரத்தைத் துறந்தார், சக்தி பிறந்தது. தட்டில் இருக்கும் தலைப்புகளும் இதற்குத் தோதாக இருக்கின்றன. ஒன்று ஆனந்தம், ஒன்று தாமரைப் பாதம், மூன்றாவது இறைவன் காலடியில் ஆடுவது பற்றிய மூச்சுவிடாத நீளத் தலைப்பு. ஸ்ரீரங்கத்தில் வளர்ந்தவனிடம் இந்தச் சொற்களை வைத்து ரொம்ப மிரட்ட முடியாது. திருவடியும் பேரானந்தமும் எங்கள் தெருமுனையில் புழங்குகிற சொற்கள். மார்கழியில் பகல்பத்து, இராப்பத்து நடக்கும்போது கூம்புக் குல்லாவோடு அரையர் வந்து கையில் தாளத்தை எடுப்பார். பக்தி இல்லாமல் அதைச் செய்ய முடியாதுதான். ஆனால் அந்தத் தாளம் கையில் உட்கார எத்தனை வருடப் பாடம் என்று அரையர் வீட்டில் கேட்டுப் பாருங்கள்.

சக்தி உருவான இடத்தை வரைபடத்தில் காட்டச் சொன்னால் நான் ஆசிரமத்தைக் காட்ட மாட்டேன். கனெக்டிகட் மாநிலத்தில் மிடில்டவுன் என்ற சின்ன ஊர், அங்கே வெஸ்லியன் பல்கலைக்கழகம், அதன் இசைத்துறை. 1960களிலிருந்து அங்கே கர்நாடக இசை முறையான பாடம். வீணை தனம்மாளின் பேரன் டி. ரங்கநாதன் மிருதங்கம் சொல்லிக்கொடுத்தார், அவர் தம்பி டி. விஸ்வநாதன் புல்லாங்குழலும் பாட்டும். ராம்நாட் கிருஷ்ணன் அங்கே பாடம் நடத்தினார், பின்பு ராகவனும். எல். சங்கர் அங்கே ஆய்வு மாணவர். அங்கேதான் மெக்லாக்லின் எஸ். ராமநாதனிடம் வீணை கற்றுக்கொண்டார். ஜாகிரோடு பழக்கம் தனி, அது கலிஃபோர்னியா வழியாக வந்தது. மொத்தத்தில் இது ஒரு பல்கலைக்கழக ஆசிரியர் அறையில் விளைந்த சங்கதி. சம்பளம், விசா, செமஸ்டர், பாடத்திட்டம். இதைச் சொன்னால் கதையில் ருசி குறைகிறது. அதனால் யாரும் சொல்வதில்லை.

எங்கள் ஊருக்கும் இந்தப் பாதையில் பங்கு உண்டு. திருச்சி பக்கம் பூவாளூரில் பிறந்து, பழனி சுப்ரமணிய பிள்ளையிடம் பயின்ற திருச்சி சங்கரன் 1971இல் கனடாவின் யார்க் பல்கலைக்கழகத்துக்குப் போனார். கூடப் போனவர் வெஸ்லியனில் படித்த ஜான் ஹிக்கின்ஸ், நாம் ஹிக்கின்ஸ் பாகவதர் என்று கூப்பிட்டவர். இங்கே பாட்டுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வாசித்த மிருதங்கக்காரர்கள் அங்கே போனதும் வகுப்பின் நடுவில் உட்கார்ந்தார்கள். பக்கவாத்தியம் அங்கே தனிப்பாடம் ஆனது. சக்தியை யோசிக்கக்கூட இது தேவைப்பட்டது என்று நினைக்கிறேன். தாளத்தை வாய்ப்பாட்டின் நிழலிலிருந்து பிரித்து வைத்துப் பார்க்கிற ஒரு அறை.

இனி தட்டு. 1975 ஜூலை 5, லாங் ஐலண்டில் சவுத்தாம்ப்டன் கல்லூரி, நேரடி மேடைப் பதிவு. ஸ்டுடியோவில் மாதக்கணக்கில் செதுக்கிய முதல் தட்டுகளின் காலத்தில் இவர்கள் ஒரு சாயங்காலக் கச்சேரியைத் தங்கள் முதல் தட்டாக வெளியிட்டார்கள். மொத்தம் மூன்று உருப்படிகள். முதல் பக்கத்தில் 18 நிமிடத்துக்கு ஒன்று, 5 நிமிடத்துக்கும் குறைவாக ஒன்று. இரண்டாம் பக்கம் முழுவதும் ஒரே உருப்படி, 29 நிமிடம். வானொலியில் எதைப் போடுவது? அந்தக் குட்டிப்பாட்டைத்தான் போட முடியும். சுவாரசியம் என்னவென்றால், அதே மெட்டை மகாவிஷ்ணு ஆர்கெஸ்ட்ராவும் 1976இல் வந்த ‘இன்னர் வேர்ல்ட்ஸ்’ தட்டில் மின்வாத்தியங்களோடு வாசித்திருக்கிறது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். மெட்டு மாறவில்லை, அதைச் சுற்றிக் காற்று இருக்கிறதா இல்லையா என்பதுதான் மாறுகிறது.

கிதார் ஒரு தனி அத்தியாயம். மேற்கத்திய கிதாரில் கட்டைகள் மட்டமான பலகைமேல் பதிந்திருக்கும். தந்தியைப் பக்கவாட்டில் தள்ளலாம், ஓரளவுக்குமேல் கமகம் வராது. வீணையில் மெழுகில் நிற்கும் மெட்டுகளுக்கு நடுவே பள்ளம் இருப்பதால் விரல் ஆழமாக இழுக்கும். ஏப்ரகாம் வெக்டர் என்ற கைவினைஞர் மெக்லாக்லினுக்காகக் கட்டைகளுக்கு நடுவே பலகையைக் குடைந்து, குறுக்கே ஏழு சுருதித் தந்திகள் போட்டு ஒரு கிதாரைச் செய்துகொடுத்தார். கிதார் பைத்தியங்களுக்கு அவர் பெயர் மனப்பாடம். கடம் செய்யும் மானாமதுரைக் குயவர்களில் ஒருவர் பெயரையாவது நமக்குத் தெரியுமா? மண்ணை எத்தனை தடவை தட்டினால் எந்தச் சுருதிக்கு வரும் என்று அறிந்த கைகள் அவை. தோல் விஷயத்தில் இன்னும் மோசம். மிருதங்கம் செய்கிறவர்களைப் பற்றி ஒரு முழுப் புத்தகம் வர 2020 வரை, டி.எம். கிருஷ்ணா ‘செபாஸ்டியன் அண்ட் சன்ஸ்’ எழுதும்வரை காத்திருந்தோம். அந்த வெளியீட்டு விழாவுக்குக் கொடுத்த அரங்க அனுமதியைக் கலாக்ஷேத்ரா திரும்பப் பெற்றுக்கொண்டதும் நடந்தது.

மேடையில் பேஸ் கிதார் இல்லை, டிரம்ஸ் செட் இல்லை, கீபோர்டு இல்லை. ராக் குழுவில் இவை மூன்றும் செய்கிற வேலை முழுவதும் மூன்று தாளக்காரர்களின் கைகளில் விழுகிறது. கீழ்ஸ்தாயி வேண்டுமா, இடது கை. முட்டுக்கொடுக்க வேண்டுமா, அவர்கள்தான். உச்சத்துக்குக் கொண்டுபோவதும் அவர்கள். கிதாரும் வயலினும் மின்னல் வேகத்தில் ஒன்றாக ஓடி ஒரு இடத்தில் சடக்கென்று நிற்கின்றனவே, அந்த இடம் ராக்கில் பழகிய காதுக்கு ஆச்சரியம். நமக்கு அது தீர்மானம், கணக்குப் போட்டு வருகிற இடம். இரண்டாம் பக்கத்தின் நடுவில் தாளக்காரர்கள் தனியாக இறங்கும்போது அது அப்பட்டமான தனி ஆவர்த்தனம்.

வரவேற்பு எப்படி இருந்தது? ராக் பக்கத்தில், மகாவிஷ்ணு ரசிகன் மின்கிதாரை எதிர்பார்த்து வந்தான், ஏமாந்தான். ஏஜென்ட்டும் நிறுவனமும் தனக்குப் பைத்தியம் பிடித்துவிட்டதாக நினைத்தார்கள் என்று மெக்லாக்லினே பிற்காலப் பேட்டிகளில் சிரித்துக்கொண்டு சொல்லியிருக்கிறார். 1976இல் ‘எ ஹேண்ட்ஃபுல் ஆஃப் பியூட்டி’, 1977இல் ‘நேச்சுரல் எலிமெண்ட்ஸ்’, அவ்வளவுதான், குழு ஓய்ந்தது. 1978இல் அவர் வெளியிட்ட தட்டின் பெயர் ‘எலக்ட்ரிக் கிதாரிஸ்ட்’. வீடு திரும்பிய மகனை வாசலில் நிறுத்தி நெற்றியில் பட்டம் எழுதி ஒட்டியதுபோல ஒரு தலைப்பு. அந்த அடுத்த இரண்டு தட்டுகளிலும் ராகவன் இல்லை. நான்கு பேர் படம்தான் உலகம் முழுக்கப் போனது, நான்கு பேர் என்றே நினைவும் உறைந்தது.

சபா பக்கம் வருவோம். கச்சேரி மேடையில் கடத்துக்கு ‘உபபக்கவாத்தியம்’ என்று பெயர். பக்கவாத்தியத்துக்கும் ஒரு படி கீழே. மிருதங்கக்காரர் கை காட்டினால் வாசிக்கலாம், தனியில் அவர் விட்டுக்கொடுக்கும் நேரம்தான் உன் நேரம், சன்மானமும் அதே வரிசையில். விக்கு விநாயக்ராமின் மாணவி கடம் சுகன்யா ராம்கோபாலோடு, அவர் பெண் என்ற ஒரே காரணத்துக்காக மேடையைப் பகிர மறுத்த மிருதங்க வித்வான்கள் இருந்தார்கள். அவரே வெளிப்படையாகப் பேசியிருக்கிறார். ஆகவே சக்தி செய்த காரியத்தை நம் பக்கத்திலிருந்து பார்த்தால்தான் அதன் வீரியம் தெரியும். கடத்தை முன்வரிசைக்குக் கொண்டுவந்தார்கள். ‘பேண்ட்’ என்ற ராக் ஏற்பாட்டில் எல்லோரும் குழு உறுப்பினர். யாரும் யாருக்கும் பக்கம் இல்லை. இந்த ஏற்பாடு சாஸ்திரத்தில் இருந்து வரவில்லை. மின்கிதார் உலகத்திலிருந்து, அந்த இரைச்சல் உலகத்திலிருந்துதான் வந்தது. மேற்கத்திய சரக்கு என்று மூக்கைச் சுளிக்கிறவர்கள் இதற்கு ஒரு பதில் சொல்ல வேண்டும்.

உடனே சமத்துவபுரம் என்று கொடியேற்ற வேண்டாம். தட்டில் பாட்டமைத்தவர்கள் பெயர் இருக்கும் இடத்தைப் பாருங்கள். மெக்லாக்லின், சங்கர். இரண்டே பெயர்கள். 29 நிமிடத்தில் தாளக்காரர்கள் அந்தக் கணத்தில் கட்டிய கோர்வை, மோரா எல்லாம் யாருடைய ஆக்கம்? மெட்டுக்கு ஆசிரியர் உண்டு, கணக்குக்கு ஆசிரியர் கிடையாது என்பது மேற்கத்தியப் பதிப்புரிமைச் சட்டமும் நம் கச்சேரி மரபும் அதிசயமாகக் கைகோத்துக்கொள்ளும் இடம். இன்னொன்று, மேடையில் தவில் இல்லை, பறை இல்லை. எந்தத் தோல் வெஸ்லியனுக்கு விமானம் ஏறியது, எது ஏறவில்லை என்பதும் இந்தக் கதையில் உண்டு. 2018 ஜனவரியில் சென்னையில் ‘தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ மேடையில் பறையும் கிதாரும் ஒன்றாக நின்றபோது அந்தக் கணக்கின் மிச்சம் கொஞ்சம் நேரானது. அதைத் தனியாக எழுத வேண்டும்.

திருச்சிக்கு வருகிறேன். எங்கள் ஊரில் ராக் என்றால் பாதிப் பேருக்கு எழும்பூருக்குப் போகிற ராக்ஃபோர்ட் எக்ஸ்பிரஸ், மீதிப் பேருக்கு உச்சிப் பிள்ளையார். ஆனால் பொறியியல் கல்லூரி விடுதிகள் வேறு தேசம். 2000களின் கடைசியில் விடுதிக் கணினி வலையில் உலகத்து ராக் தட்டுகள் எல்லாம் ஓடிக்கொண்டிருந்தன. சக்தியும் அதில் வந்ததுதான். என் வகுப்பில் ஒருத்தன், வடக்கு உத்திர வீதிக்காரன், பத்து வருடம் மிருதங்கம் படித்தவன். கல்லூரி விழா பேண்ட் போட்டிக்கு எங்கள் கிதார் பையன் அவனைச் சேர்த்துக்கொண்டான். ஒருங்கிணைப்பாளர்கள் விண்ணப்பத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். ‘வெஸ்டர்ன்’ பிரிவில் இந்திய வாத்தியம் கூடாதாம். ‘ஈஸ்டர்ன்’ பிரிவுக்குப் போனால் அங்கே சினிமாப் பாட்டு, கீபோர்டு, ஒரு தாளப் பேடு. “மச்சி, நீ இதுக்கும் இல்ல, அதுக்கும் இல்ல” என்று சிரித்தார்கள். அவனும் சிரித்தான். அந்த வருடம் அவன் மேடை ஏறவில்லை. 1975இல் முடிந்த ஒரு காரியத்துக்கு 2009இல் விண்ணப்பப் படிவத்தில் இடமில்லை.

அவனுடைய வாத்தியார் ஸ்ரீரங்கத்தில் வயதான வித்வான். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் மடிக்கணினியை எடுத்துக்கொண்டு போய் அந்த இரண்டாம் பக்கத்தைப் போட்டுக் காட்டினான், நானும் கூடப் போயிருந்தேன். மாமா கண்ணை மூடித் தொடையில் தாளம் போட ஆரம்பித்தார். விட்ட இடத்தைப் பிடிக்கச் சில இடங்களில் முகம் சுருங்கும், பிடித்ததும் தலை ஆடும். தனி நடக்கும்போது நிமிர்ந்து உட்கார்ந்துகொண்டார். பிறகு கிதார் திரும்ப நுழைந்தது.

“நன்னாத்தானே போயிண்டிருந்தது? நடுவுல இவர் எதுக்குடா வரார்?”

நாங்கள் அவர் யார் என்று விளக்கினோம். உலகத்தின் பெரிய கிதார்காரர்களில் ஒருவர், தட்டே அவர் பெயரில்தான் வந்தது என்றெல்லாம். “இருக்கட்டும், இருக்கட்டும்” என்றார். அப்புறம் கேட்டார்: “மிருதங்கம் யாரு?”

ராகவன் என்று சொன்னோம்.

“யாரு, ராம்நாட் கிருஷ்ணன் ஆத்துப் பிள்ளையா? அதான் பார்த்தேன். மொதல்லயே சொல்லப்படாதோ!”

அந்தத் தட்டைப் பற்றி எத்தனையோ பேரிடம் பேசியிருக்கிறேன். மிருதங்கம் யார் என்று கேட்டவர் அவர் ஒருவர்தான். கிதார் எதற்கு என்று அவர் கேட்டது அநியாயம்தான், ஒத்துக்கொள்கிறேன்; மெக்லாக்லின் அந்த மேடையில் காட்டும் பொறுமைக்கும் பணிவுக்கும் அந்தக் கேள்வி தகாது. ஆனாலும் உலகம் முழுக்க ஒரு பக்கமாகச் சாய்ந்து கேட்டுக்கொண்டிருக்கிற ஒன்றை மறுபக்கமாகச் சாய்ந்து கேட்க ஒரு காதாவது ஸ்ரீரங்கத்தில் இருந்தது.

என் நண்பன் இப்போது ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் தரக்கட்டுப்பாட்டில் இருக்கிறான். மிருதங்கம் அவன் அம்மா வீட்டுப் பரணில். ஏன் விட்டாய் என்று கேட்டால், “யாருக்குடா பக்கத்துல உட்கார்றது?” என்பான்.

2023இல் ‘திஸ் மொமென்ட்’ வந்தது. மெக்லாக்லின், ஜாகிர், சங்கர் மகாதேவன், கணேஷ் ராஜகோபாலன், விக்கு விநாயக்ராமின் மகன் செல்வகணேஷ். 2024 பிப்ரவரியில் அதற்குக் கிராமி விருது. நம் தொலைக்காட்சிகளில் ஒரே பெருமிதம். ‘வெண்ணிலா கபடிக்குழு’ இசையமைப்பாளருக்குக் கிராமி என்று ஒரு நாள் ஓட்டினார்கள், நல்ல விஷயம்தான். அந்தத் தட்டில் என்ன தாளம், என்ன ராகம், பழைய சக்திக்கும் இதற்கும் என்ன உறவு என்று தமிழில் நாலு பக்கம் எழுதியவரை நான் தேடிக்கொண்டிருக்கிறேன். கோப்பையைக் கேட்டோம்; தட்டைக் கேட்கவில்லை. ராக் எழுதும் என் வயதுக்காரர்களும் இதில் சேர்த்திதான். லெட் செப்பலினின் ஒவ்வொரு டிரம் அடிக்கும் பத்தி பத்தியாக எழுதுவார்கள். சக்தி என்றதும் ‘தெய்வீகம்’, ‘தியானம்’, ‘எல்லைகளைக் கடந்த’ என்று கண்ணை மூடிக்கொள்வார்கள். கண்ணை மூடுவது சரி. மாமாவும் மூடினார். ஆனால் அவர் கை தொடையில் எண்ணிக்கொண்டிருந்தது.

அடுத்து எழுதப்போகிறவர்கள் கீழே இருக்கும் வரியை எடுத்துக்கொள்ளலாம், காப்புரிமை கேட்கமாட்டேன். சக்தியின் முதல் இசைத்தட்டு 1975 ஜூலை 5 அன்று சவுத்தாம்ப்டன் கல்லூரி மேடையில் பதிவானது; வாசித்தவர்கள்: மிருதங்கம் ராம்நாட் ராகவன், கடம் டி.எச். விநாயக்ராம், தபலா ஜாகிர் உசேன், வயலின் எல். சங்கர், கிதார் ஜான் மெக்லாக்லின்.